ஒத்து ஊதுபவரின் இசை: ‘பேஷன்’ தொகுப்பைப் பிரித்துக் கேட்டபோது

அடியில் ஒரே ஒரு சுரம் நிற்கிறது. அதன் மேல் இன்னொரு குழல், அழுது ஓய்ந்தவர் பேச ஆரம்பிப்பதுபோல, நாலைந்து சுரங்களுக்குள்ளேயே போய்ப் போய்த் திரும்புகிறது. தாளம் இல்லை. வாத்தியக் குழு இல்லை. கொஞ்ச நேரம் இப்படியே போன பிறகுதான் தோல் வாத்தியங்களும் கிடாரும் உள்ளே நுழைகின்றன. நுழைந்த பிறகும் அந்த அடிச்சுரம் இருந்த இடத்தை விட்டு நகர்வதில்லை.

ஆங்கிலேய ராக் பாடகர் பீட்டர் கேப்ரியலின் ‘பேஷன்’ (Passion, கிறிஸ்துவின் பாடுகள்) தொகுப்பில் முதல் தடம் இது. மார்ட்டின் ஸ்கார்செஸி இயக்கிய ‘தி லாஸ்ட் டெம்ப்டேஷன் ஆஃப் கிரைஸ்ட்’ (1988) படத்துக்குச் செய்த பின்னணி இசை, மறு ஆண்டு ஜூனில் தனித் தொகுப்பாக வெளிவந்தது. தடத்தின் பெயர் ‘தி ஃபீலிங் பிகின்ஸ்’. படத்தில் இயேசுவின் மனக்குரலாக நாம் கேட்கும் முதல் சொற்களும் இவையே. உணர்வு தொடங்குகிறது என்கிறார். மிக மென்மையாக, மிக அன்பாக. அப்புறம் வலி. இசையும் அதே வரிசையில்தான் போகிறது.

தொகுப்பின் வாத்தியப் பட்டியலைப் படித்தால் பெரிய சந்தைக்குள் நுழைந்த மாதிரி இருக்கும். ஆர்மீனியத் துதுக், துருக்கியின் நெய் என்ற நாணல் குழல், எகிப்து அர்கூல், ஈரானியக் கெமான்ச்சே, செனகலின் பேசும் மத்தளம், பிரேசிலின் சுர்டோ என்ற பெரிய மத்தளம், தகர விசில், மதராஸில் பிறந்த ஒருவர் வாசிக்கும் இரட்டைக் கழுத்து வயலின், ஆஸ்திரேலியாவில் உருவான ஃபேர்லைட் இசைக் கணினி. குரல்களில் பாகிஸ்தானின் கவ்வாலிப் பாடகர் ஒருவர், செனகல் பாடகர்கள் இருவர், இங்கிலாந்தின் சேர்ந்திசைச் சிறுவன் ஒருவன். இவ்வளவையும் ஒன்றாகக் கொட்டினால் கதம்பம்தான் வரவேண்டும். வரவில்லை. 21 தடங்கள், 67 நிமிடம், எல்லாம் ஒரே ஊரிலிருந்து வந்தவைபோல ஒலிக்கின்றன. அந்த ஊர் எந்த வரைபடத்திலும் இல்லை என்பது வேறு விஷயம்.

இது எப்படி நடந்தது என்று தடம் தடமாகக் கேட்டுப் பார்த்தேன். எனக்குக் கிடைத்த விடை வாத்தியங்களில் இல்லை, சுருதியில் இருக்கிறது.

படம் வந்த வழி

கிரேக்க எழுத்தாளர் நிக்கோஸ் கசந்த்சாகிஸின் நாவலைப் படமாக்க 1983இல் ஒரு முறை எல்லாம் தயாராகி, படப்பிடிப்புக்கு முன் தயாரிப்பு நிறுவனம் பின்வாங்கிவிட்டது. மறுபடி உயிர்பெற்று 1987இன் கடைசி மாதங்களில் மொராக்கோவில் படமானபோது செலவுக்கு இருந்தது ஏறத்தாழ 70 லட்சம் டாலர். 1959இலேயே ‘பென்-ஹர்’ படத்துக்கு ஒன்றரைக் கோடி டாலர் செலவானது என்பதை வைத்துப் பார்த்தால் இது எவ்வளவு மெலிந்த படம் என்று புரியும்.

பென்-ஹரைச் சொன்னதற்கு இசைக் காரணமும் உண்டு. மிக்லோஷ் ரோசா அதற்குச் செய்தது பெரிய ஆர்கெஸ்ட்ரா இசை. பித்தளை வாத்தியங்கள் முழங்கும், வயலின்கள் பொங்கும், சேர்ந்திசைக் குழு வானத்தைத் திறக்கும். பைபிள் படம் என்றால் அப்படித்தான் ஒலிக்க வேண்டும் என்று உலகம் பழகிவிட்டிருந்தது. அந்தப் பழக்கத்தை முதலில் உடைத்தவர் கேப்ரியல் அல்லர். 1964இல் இத்தாலிய இயக்குநர் பாசோலினி எடுத்த மத்தேயு நற்செய்திப் படத்தில் பாக் இசைக்குப் பக்கத்திலேயே காங்கோவின் ‘மிஸ்ஸா லூபா’ என்ற திருப்பலி இசையும் அமெரிக்கக் கறுப்பின ஆன்மிகப் பாடலும் வந்தன. ஆனால் பாசோலினி ஏற்கெனவே இருந்த பதிவுகளை எடுத்துப் பக்கம் பக்கமாக வைத்தார். ஒன்றாகக் கலக்கவில்லை.

ஸ்கார்செஸியின் காதில் விழுந்தது வேறொரு ஒலி. ‘நாஸ் எல் கிவான்’ என்ற மொராக்கோ இசைக்குழுவைப் பற்றி அகமது எல் மானூனி 1981இல் எடுத்த ‘ட்ரான்ஸஸ்’ ஆவணப்படத்தை, அவர் வேறொரு படத்தின் படத்தொகுப்பு வேலையில் இருந்த நாட்களில் தொலைக்காட்சியில் பார்த்திருக்கிறார். கிறிஸ்து படத்துக்கான ஒலி அங்கிருந்து பிறந்தது என்று அவரே பலமுறை சொல்லியிருக்கிறார். கடன் மறக்காத மனிதர். 2007இல் அவர் தொடங்கிய உலக சினிமா அறக்கட்டளை முதலில் மீட்டெடுத்த படம் அதே ‘ட்ரான்ஸஸ்’தான்.

கேப்ரியல் பக்கம் நிலைமை இன்னும் பொருத்தம். பல நாட்டு இசைஞர்களை ஒரே மேடைக்குக் கொண்டுவரும் வோமாட் விழாவை 1982இல் ஆரம்பித்து, முதல் ஆண்டிலேயே பெரும் கடனில் மாட்டிக்கொண்டவர். அந்தக் கடனை அடைக்கத் தன் பழைய ஜெனிசிஸ் குழுவோடு ஒரு மாலை மறுபடி மேடையேற வேண்டியிருந்தது. நஷ்டத்தில் போன அந்த விழாவிலிருந்து அவருக்கு மிஞ்சிய பெரிய லாபம் அறிமுகங்கள். அந்தக் கவ்வாலிப் பாடகர் நுஸ்ரத் ஃபதே அலி கான் 1985 வோமாடில் பாடியவர். இங்கிலாந்தின் பாக்ஸ் என்ற சிற்றூரில் பழைய நீராலை ஒன்றை ஒலிப்பதிவுக்கூடமாக மாற்றியும் வைத்திருந்தார். ஆக, படத்துக்காக அவர் வாத்தியம் தேடி அலையவில்லை. மனிதர்கள் ஏற்கெனவே வந்து போய்க்கொண்டிருந்த வீடு அது.

துதுக்கும் ஒத்தும்

துதுக் சின்ன வாத்தியம். ஆப்ரிகாட் மரத்தில் குடைந்த நேரான குழல். அதன் வாயில் நாணலால் செய்த அகலமான இரட்டைச் சீவாளி. நம் நாகசுரத்துக்கும் இரட்டைச் சீவாளிதான். ஆனால் ஒன்று ஊர் முழுக்கக் கேட்கும், மற்றது பக்கத்து அறைக்குக் கேட்டால் பெரிது. காரணம் குழலின் உள்வடிவம். நாகசுரம் மேலே குறுகிக் கீழே விரியும் கூம்பு. துதுக் மேலிருந்து கீழ்வரை ஒரே அகலம். இப்படி ஒரே அகலமுள்ள குழலில் சீவாளி வைத்தால், அது ஒரு முனை அடைத்த குழாய்போல நடந்துகொள்ளும். நீளத்தை வைத்து நாம் எதிர்பார்ப்பதைவிட ஒரு ஸ்தாயி கீழே இறங்கிப் பேசும். மேலெழும் கிளைச்சுரங்களில் ஒன்றுவிட்டு ஒன்று மெலிந்துவிடும். அதனால்தான் அந்தக் கம்மிய, துணியால் போர்த்தியதுபோன்ற குரல். இரண்டு உதடுகளுக்கு நடுவில் இருக்கும் அந்தப் பெரிய சீவாளியை லேசாக அழுத்தினாலும் சுரம் வளையும். மனிதக் குரல்போல இருக்கிறது என்று எல்லோரும் சொல்வது இந்த வளைவைத்தான்.

இதைவிட முக்கியமான ஒன்று உண்டு. துதுக்கைத் தனியாக வாசிக்கும் வழக்கம் குறைவு. இருவர் உட்காருவார்கள். ஒருவர் மெட்டை வாசிக்க, மற்றவர் ஒரே சுரத்தை மூச்சு விடாமல் பிடித்துக்கொண்டே இருப்பார். கன்னத்தில் காற்றை நிறுத்தி மூக்கால் இழுக்கும் வட்ட மூச்சு. ஆர்மீனியர்கள் இந்த அடிச்சுரத்தை ‘தாம்’ என்கிறார்கள். நாம் ஒத்து என்போம். சுருதிப்பெட்டி வந்து அந்த இடத்தைப் பிடிக்கும்வரை நாகசுரக் கச்சேரியில் ஒத்துக்காரர் இல்லாமல் யாரும் உட்கார்ந்ததில்லை. பிறகு ‘ஒத்து ஊதுகிறான்’ என்பது ஆமாம் சாமிகளைக் கிண்டல் செய்யும் சொல்லாகிவிட்டது. ஒத்து ஊதுவது எவ்வளவு கடினம் என்று தெரிந்தவர்கள் உருவாக்கிய கிண்டல் அல்ல அது.

‘தி ஃபீலிங் பிகின்ஸ்’ தடத்தில் வாசிப்பவர்கள் வாட்சே ஹௌசெபியான், அந்த்ரானிக் அஸ்காரியான் என்ற இரு துதுக் கலைஞர்கள். மெட்டு பழைய ஆர்மீனிய மெட்டு. கேப்ரியல் அதன் மேல் எதையும் ஏற்றிப் பாழ்பண்ணாமல், அதன் அடியில் போய் உட்கார்ந்துகொள்கிறார். இதைத்தான் இந்த முழு இசையின் முறை என்று நான் எடுத்துக்கொள்கிறேன். சின்தசைசர் ஒலி வரும்போது அது ஒத்தோடு சேர்ந்துகொள்கிறது. டேவிட் ரோட்ஸின் கிடாரையும் கவனியுங்கள். ஈ-போ என்று உள்ளங்கையில் அடங்கும் ஒரு சின்னக் கருவி இருக்கிறது. மின்காந்தத்தால் கம்பியை ஓயாமல் அதிரவைக்கும், மீட்டவே வேண்டாம். ராக் கிடார் தம்புராவாகிவிடும்.

மேற்கத்திய பின்னணி இசை கார்டுகளால் (chord, பல சுரங்கள் ஒருசேர ஒலிப்பது) நடப்பது. ஒரு கார்டு அடுத்ததைத் தேடும், அடுத்தது வீட்டுக்குத் திரும்பத் துடிக்கும். கேட்பவரை அந்த நகர்வு இழுத்துக்கொண்டு போகும். இங்கே நகர்வே இல்லை. சுருதி நிற்கிறது, அதன் மேல் மெட்டு அலைகிறது. பாலைவனம், வெயில், சந்தேகத்தில் சிக்கிய ஒரு மனிதன் என்று படம் காட்டுவதற்கு இதைவிடப் பொருத்தமான ஏற்பாடு இல்லை.

நடைமுறை லாபம் ஒன்றும் இருக்கிறது. நெய்யும் கெமான்ச்சேயும் வாசிக்கும் சுரங்களில் சில, பியானோவின் இரண்டு கட்டைகளுக்கு நடுவில் விழுபவை. கீழே முழு கார்டு போட்டால் அவை பிசகிய சுரமாகக் கேட்கும். வெறும் சுருதியின் மேல் அவை தங்கள் இடத்திலேயே சரியாக நிற்கும். வெவ்வேறு ஊர் வாத்தியங்களைச் சேர்க்கப் போய்ப் பலர் இடறி விழும் இடம் இதுதான். ஆர்கெஸ்ட்ராவை முதலில் எழுதிவிட்டு, அதன் மேல் ஒரு துதுக்கைக் கூப்பிட்டு வாசிக்கச் சொன்னால், அவர் பியானோவுக்குப் பணிந்து வாசிக்க வேண்டியிருக்கும். வந்த விருந்தாளி வேலைக்காரராகிவிடுவார்.

மூச்சை வெட்டாமல்

இந்தத் தொகுப்பில் சுத்தமான ஒலி என்று எதுவுமே இல்லை. அதைக் குறையாகச் சொல்லவில்லை. ‘பிஃபோர் நைட் ஃபால்ஸ்’ தடத்தில் குட்சி எர்குனர் வாசிக்கும் நெய்யைக் காதொலிப்பானில் கேளுங்கள். நெய் வெறும் நாணல் குழல். அதைச் சாய்த்துப் பிடித்து விளிம்பில் ஊத வேண்டும். காற்றில் பாதி சுரமாகும், பாதி காற்றாகவே வெளியே போகும். அந்தப் பாதியை ஒலிப்பதிவாளர் துடைத்துவிடவில்லை. ஒவ்வொரு சுரத்துக்கும் முன்னால் ஒரு ‘ஹ்’ இருக்கிறது. எர்குனர் தலைமுறைகளாக நெய் வாசிக்கும் குடும்பத்துப் பிள்ளை; அந்தக் காற்றும் அவர் வாசிப்பில் சேர்த்திதான். இன்னொரு தடத்தின் பெயரே ‘வால் ஆஃப் ப்ரெத்’, மூச்சுச் சுவர்.

அர்கூலை நமக்குப் புரியும்படி சொல்வதென்றால் மகுடியின் தூரத்து உறவு. இரண்டு நாணல் குழல்கள் பக்கத்தில் பக்கத்தில் கட்டியிருக்கும். ஒன்றில் துளைகள், மெட்டுக்கு. மற்றது நீளமானது, ஒத்துக்கு. ஒரே மனிதர் ஒரே மூச்சில் இரண்டையும் ஊதுகிறார். ‘ஆஃப் தீஸ், ஹோப்’ தடத்தில் முஸ்தபா அப்தெல் அஸீஸ் ஊதும் அர்கூலை கேப்ரியல் பயன்படுத்துவது ஒத்துக்காகத்தான். மறுபடியும் அதே கணக்கு.

மஹ்மூத் தப்ரிசி ஸாதேயின் கெமான்ச்சே வில்லால் இழுக்கும் வாத்தியம். உருண்டைக் குடத்தின் மேல் தோல் போர்த்தியது. அதனால் வயலினின் பளபளப்பு வராது, தொண்டை கட்டியவர் குரல் வரும். ‘ஸ்டிக்மாட்டா’வில் அவரும் கேப்ரியலும் மட்டும். எழுதி வைத்த இசையாகத் தெரியவில்லை. இரண்டு பேர் இருட்டில் ஒருவரை ஒருவர் தேடுவதுபோல இருக்கிறது. இரண்டரை நிமிடத்தில் முடிந்துவிடுகிறது. நான் அதிகம் திரும்பிப் போய்க் கேட்கும் தடம் இது.

‘கெத்செமனே’யில் வேறு கலைஞர்களே இல்லை. கேப்ரியலின் குரலும், மாதிரி எடுத்த குழலொலியும் மட்டும். ஒலியைச் சிறு துண்டாகப் பதிந்து விசைப்பலகையில் ஏற்றி, வேறு வேறு உயரங்களில் இசைக்கலாம். தாழ்த்த தாழ்த்த மூச்சு நீண்டு, மனிதத் தன்மை போய், வேறெதுவோ ஆகிவிடும். தோட்டத்தில் வியர்த்துப் பயந்து நிற்பவனின் காதில் கேட்கும் ஒலி என்று சொன்னால் நம்பலாம்.

யாழ்ப்பாணம் வழியாக வந்த வயலின்

ஏறத்தாழ பாதித் தடங்களில் ஒரே வயலின் கேட்கிறது. வாசிப்பவர் எல். சங்கர். 1950இல் மதராஸில் பிறந்தவர். அப்பா வி. லட்சுமிநாராயணா யாழ்ப்பாணத்தில் இசை கற்பித்ததால் இளம்பருவம் அங்கே. 1958 கலவரத்துக்குப் பிறகு குடும்பம் இந்தியா திரும்பியது. அண்ணன்மார் இருவரை நமக்கு நன்றாகத் தெரியும். எல். வைத்தியநாதன் ‘ஏழாவது மனிதன்’ படத்துக்கு இசையமைத்தவர், எல். சுப்ரமணியம் உலக மேடைகளில் வயலின் வாசிப்பவர். தம்பி சங்கர் 1975இல் ஜான் மெக்லாக்லின், ஜாகிர் உசேன், விக்கு விநாயக்ராம் ஆகியோரோடு ‘சக்தி’ குழுவில் இருந்தார்.

அவர் கையில் இருப்பது சாதாரண வயலின் இல்லை. அவரே யோசித்து, கென் பார்க்கர் என்ற கிடார் தயாரிப்பாளரைக் கொண்டு செய்துகொண்ட இரட்டை வயலின். ஒரே உடலில் இரண்டு கழுத்து, பத்துக் கம்பி. வயலினின் உச்சியிலிருந்து டபுள் பேஸின் அடிவரை ஒரே ஆள் இறங்கலாம். இந்த இசைக்கு அது எவ்வளவு உதவியது என்று யோசித்துப் பாருங்கள். தனித்தனி வயலின், வயோலா, செலோ என்று ஆர்கெஸ்ட்ராவைக் கூப்பிட்டிருந்தால் பழைய பைபிள் பட வாசனை உடனே வந்திருக்கும். இங்கே முழு நரம்பிசையும் ஒரு தமிழ்க் காது, ஒரு கை, ஒரு கமகம். ஆழத்தில் உறுமுவதும் மேலே கதறுவதும் ஒரே ஆளின் குரலாகவே கேட்கிறது.

‘ஓப்பன்’ தடத்தில் சங்கரும் கேப்ரியலும் மட்டும். சங்கர் பாடவும் செய்கிறார். கர்நாடக இசை கேட்டுப் பழகியவர்களுக்கு அது உடனே ஆலாபனையாகத்தான் விழும். முழு ராகமாக விரியாது, அதை எதிர்பார்க்கவும் வேண்டாம். ஒரு சுரத்திலிருந்து அடுத்ததற்கு நேராகக் குதிக்காமல் வழுக்கிப் போகும் அந்த நடை போதும். பின்னணியில் சின்தசைசர் அசையாமல் நிற்கிறது. யோசித்துப் பார்த்தால் இது நம் கச்சேரி மேடையின் அமைப்பேதான். தம்புரா இருக்கும் இடத்தில் மின்சாரம்.

தாளமும் குரலும்

தாளத்தைப் பற்றி அதிகம் சொல்ல இல்லை. கெய்ரோவில் பிறந்த ஹொசாம் ராம்சியின் கை எங்கும் கேட்கிறது. பட்டியலில் ‘தப்லா’ என்று போட்டிருப்பதைப் பார்த்து நம் தபலா என்று நினைத்துவிட வேண்டாம். எகிப்தில் அந்தப் பெயர் கோப்பை வடிவ தர்புகாவுக்கு. ‘ஸார்’ என்ற தடம் அங்கே தீய ஆவிகளை விரட்ட அடிக்கும் தாளத்தின் மேல் கட்டியது. நம் ஊரில் உடுக்கை செய்யும் வேலை. ‘சாண்ட்ஸ்டார்ம்’ தடத்தில் மொராக்கோவில் களத்திலேயே பதிந்த தாளமும் கூட்டக் குரலும் இருக்கின்றன. கூடத்தில் வாசித்ததும் களத்தில் பதிந்ததும் எங்கே ஒட்டுகின்றன என்று காதால் கண்டுபிடிக்க முயன்றேன். முடியவில்லை.

குரல்தான் பெரிய விஷயம். தொகுப்பின் பெயரையே கொண்ட ‘பேஷன்’ தடம் ஏழரை நிமிடத்துக்கும் மேல். இயேசு சிலுவையைச் சுமந்து போகும் காட்சியோடு சேர்ந்தே இது நினைவில் நிற்கிறது. அந்தக் காட்சியை ஸ்கார்செஸி ஹிரோனிமஸ் போஷின் ஓவியத்தை மனதில் வைத்து எடுத்தார். சட்டம் முழுக்க நெருக்கியடிக்கும் முகங்கள், இளிப்பவர்கள், பல் காட்டுபவர்கள், நடுவில் ஒரே ஒரு அமைதியான முகம், எல்லாம் மெதுவோட்டத்தில். இதற்கு வேறொருவர் ஓலமிடும் வயலின்களைப் போட்டிருப்பார். கேப்ரியல் நுஸ்ரத்தைப் பாட வைத்தார்.

கவ்வாலியின் பலம் அதன் சொற்கள், கைத்தட்டல், பின்பாட்டுக் கூட்டம், மெல்ல மெல்ல ஏறும் வேகம். இந்தத் தடத்தில் அவை எதுவும் இல்லை. கூட்டத்தைக் கழற்றிவிட்டு, சொல்லையும் கழற்றிவிட்டு, மனிதரை மட்டும் நிறுத்தியிருக்கிறார்கள். மிச்சமிருப்பது ஆலாபனை. அதுவும் உச்சத்துக்குப் போகாமல் பாதியில் நின்று திரும்பும் ஆலாபனை. செனகலின் யூசூ ந்தூரின் குரல் ஒரு பக்கம், ஜூலியன் வில்கின்ஸ் என்ற சிறுவனின் குரல் வெண்கலக் கம்பிபோல மேலே. ஜான் ஹேசலின் டிரம்பெட் பக்கத்தில் வருகிறது. அதைக் கண்ணை மூடிக் கேட்டால் டிரம்பெட் என்று பலர் சொல்லமாட்டார்கள். வாத்தியத்துக்குள்ளே பாடுபவர்போல மூச்சும் நடுக்கமுமாக ஊதுகிறார்.

சிலுவை சுமக்கும் காட்சிக்கு சூஃபி மரபில் வந்த ஒருவர் குரல் கொடுக்கிறார். படத்தை எதிர்த்து தியேட்டர் வாசல்களில் ஊர்வலம் நடந்த அந்த ஆண்டில் இதைப் பற்றி யாரும் பெரிதாகச் சண்டை போட்டதாகத் தெரியவில்லை. சொல் இல்லாததால் இருக்கலாம். சொல் வந்திருந்தால் மொழி வரும், மொழி வந்தால் மதமும் ஊரும் கூடவே வரும். வெறும் ‘ஆ’வுக்கு அடையாள அட்டை கிடையாது.

எங்கே சறுக்குகிறது

எல்லாமே பொன் என்று சொல்லமாட்டேன். ‘இட் இஸ் அக்கம்ப்ளிஷ்ட்’ தடத்தில் பில்லி காபமின் டிரம்ஸ் வந்ததும் நாம் பாலைவனத்திலிருந்து நேராக 1980களின் ராக் மேடைக்கு வந்துவிடுகிறோம். அந்தக் கால டிஜிட்டல் சின்தசைசர்களின் கண்ணாடிப் பளபளப்பும் அங்கங்கே துருத்துகிறது. துதுக்குக்கு வயதாகவில்லை, பக்கத்தில் இருந்த மின்னணுக் கருவிகளுக்குத்தான் வயதாகிவிட்டது.

ஆனால் படத்தின் முடிவில் கதை வேறு. இயேசு முடிந்தது என்கிறார். பெண்களின் குலவை ஒலி, மணிகள், திரையில் திடீரென்று வண்ணங்களும் வெண்மையும் சிதறுகின்றன. அந்த வெளிச்சச் சிதறல் திட்டமிட்டது அல்ல. படப்பிடிப்பின்போது கேமராவுக்குள் வெளிச்சம் கசிந்து சுருள் கெட்டுப்போயிருக்கிறது. பிறகுதான் பார்த்தார்கள். ஸ்கார்செஸி அதையே வைத்துக்கொண்டார். பழுதை அப்படியே வைத்துக்கொள்ளும் இந்தப் புத்தி, நெய்யின் ‘ஹ்’ஐத் துடைக்காமல் விட்ட அதே புத்திதான்.

அப்புறம் எல்லோரும் கேட்கும் கேள்வி. முதல் நூற்றாண்டு கலிலேயாவில் துதுக் ஏது, சுர்டோ ஏது, பேசும் மத்தளம் ஏது? ஒன்றும் இல்லைதான். ஆனால் பென்-ஹரின் பிரெஞ்சுக் கொம்பும் அங்கே இல்லை. அதை யாரும் கேட்பதில்லை, பழகிவிட்டதால்.

பெயர் போடுவது பற்றி

தொகுப்பு வெளியானபோது கேப்ரியல் தொடங்கிய ரியல் வேர்ல்ட் நிறுவனத்தின் முதல் வெளியீடு அதுவாகவே அமைந்தது. இரண்டாவது வெளியீடு ‘பேஷன் – சோர்சஸ்’. இதை நான் முதலாவதற்குச் சமமாக மதிக்கிறேன். கேப்ரியல் எங்கெங்கிருந்து எடுத்தாரோ அந்த இசையைக் கலக்காமல், அந்தந்தக் கலைஞர்களின் பெயரிலேயே வெளியிட்ட தொகுப்பு. ஸ்கார்செஸியை ஆட்டிய நாஸ் எல் கிவான் அதில் உண்டு. செனகல் பாடகர் பாபா மால், நுஸ்ரத், ஆர்மீனிய துதுக், எல்லாம் உண்டு. சங்கரும் கரோலினும் தந்த தடத்தின் பெயர் ‘சங்கராபரணம் பஞ்ச நடைப் பல்லவி’. ஹாலிவுட் படமொன்றின் உபயத்தால் உலகமெங்கும் இசைக் கடைகளில் இந்தப் பெயர் அச்சாகி உட்கார்ந்திருந்தது என்பதை நினைத்தால் எனக்கு இன்றும் கொஞ்சம் சிரிப்பு வரும். கிராமி விருது கிடைத்தது ‘நியூ ஏஜ்’ பிரிவில் என்பதை நினைத்தால் இன்னும் கொஞ்சம்.

இது ஏன் முக்கியம் என்று புரிய அதற்குப் பிறகு நடந்ததைப் பார்க்க வேண்டும். 1992இல் ‘டீப் ஃபாரஸ்ட்’ என்ற இரட்டையர் சாலமன் தீவுகளின் தாலாட்டு ஒன்றை நடனத் தாளத்தின் மேல் வைத்து உலக வெற்றி கண்டார்கள். பாடியவர் அஃபுனாக்வா என்ற பெண். ஹ்யூகோ ஸெம்ப் என்ற இசையியல் ஆய்வாளர் அதற்குப் பல ஆண்டுகளுக்கு முன் பதிந்து வைத்தது. பாட்டு விளம்பரங்கள்வரை ஒலித்தது. அனுமதி பற்றி ஸெம்ப் வெளிப்படையாகச் சண்டை போட வேண்டியிருந்தது.

‘பேஷன்’ முழுக்கவும் கணக்கு நேர் என்று சொல்ல முடியாது. ‘லாசரஸ் ரெய்ஸ்டு’ தடம் ஒரு குர்திய மெட்டின் மேல் நிற்கிறது. ஒன்றரை நிமிடத்துக்கும் குறைவு. வாசித்தவர்கள் இடத்தில், குர்திஸ்தானைச் சேர்ந்த பெயர் தெரியாத இசைஞர்கள் என்றுதான் இருக்கிறது. பெயர் கிடைக்காததை மறைக்காமல் எழுதியிருக்கிறார்கள், சரி. ஆனாலும் லாசரஸ் கல்லறையிலிருந்து எழும் இசையை வாசித்தவர்களுக்குப் பெயர் இல்லை.

இதைத் தொடர்ந்து வந்தவர்கள் முறையை விட்டுவிட்டு வாத்தியத்தை மட்டும் எடுத்துக்கொண்டார்கள். 2000இல் ‘கிளாடியேட்டர்’ வந்தது. ஹான்ஸ் ஸிம்மர், லிசா ஜெரார்டின் குரல், ஜீவான் காஸ்பர்யானின் துதுக். அந்தப் படத்தில் அது வேலை செய்தது. ஆனால் அதற்குப் பிறகு மணல் தெரிந்தால் துதுக், குண்டு வெடித்தால் பெண் குரலில் ஒரு ஓலம் என்று சூத்திரமாகிவிட்டது. துதுக் ஆர்மீனியாவில் கல்யாணத்துக்கும் வாசிப்பது, ஆடவும் வைப்பது. சினிமா அதை நிரந்தரமாகச் சாவு வீட்டில் உட்காரவைத்துவிட்டது. இன்று ஆயத்த ஒலித் தொகுப்புகளில் அந்தக் குரலை விசைப்பலகையில் அழுத்தி வரவழைத்துக்கொள்ளலாம். ஒத்துக்கு ஆள் வேண்டாம், மூச்சு வாங்கவும் வேண்டாம்.

வேறு வழியும் இருந்தது. 2018இல் ‘பிளாக் பாந்தர்’ படத்துக்கு இசையமைத்த லுட்விக் யோரன்சன் முதலில் செனகலுக்குப் போய், பாபா மாலோடு ஊர் ஊராகச் சுற்றிவிட்டுத்தான் எழுத உட்கார்ந்தார். படத்தில் பாடுவது பாபா மால். பேசும் மத்தளம் அடிப்பது மஸ்ஸாம்பா டியோப். இருவரும் ‘பேஷன்’ தொகுப்பில் இருந்தவர்கள். இடையில் 29 ஆண்டுகள்.

எழுதி முடிக்குமுன் முதல் தடத்தின் கலைஞர் பட்டியலை இன்னொரு முறை எடுத்துப் பார்த்தேன். ஹௌசெபியான், அஸ்காரியான். இருவர் பெயருக்கும் எதிரே ஒரே சொல்தான், துதுக். யார் மெட்டு வாசித்தார், யார் ஒத்துப் பிடித்தார் என்று அதில் பிரிக்கவில்லை.